பீச் வேலிக்கு அந்தப் பக்கம்

எங்கள் வீட்டுக்கும் அவளுடைய வீட்டுக்கும் இடையில் நிற்கிற பீச் மர வேலியை நட்டவள் நான். குழி வெட்டியதும் நான், தண்ணீர் ஊற்றியதும் நான், ஒவ்வொரு கோடையிலும் தலை வெட்டிச் சீராக்குவதும் நான். இதை முதலிலேயே சொல்லிவைக்கிறேன். ஏனென்றால் அந்த வேலியால் நன்மை கண்டவள் அவள்.

ஒஸ்லோவில், குரோருட்டில் எங்களுடையது வரிசை வீடு. ஒன்றோடொன்று ஒட்டிக் கட்டியவை. பின்பக்கம் ஆளுக்கு நாலு பாய் விரிக்கிற அளவு புல்தரை. நாங்கள் வாங்கியபோது எல்லாம் திறந்த வெளியாகக் கிடந்தது. நோர்வேக்காரருக்கு அது பெரிய காரியமில்லை. யாழ்ப்பாணத்தில் பிறந்தவளுக்கு வேலி இல்லாத வளவில் சோறு இறங்காது. என் அப்பா ஒரு முழ எல்லைக்காகப் பக்கத்து வீட்டுக்காரரோடு சாகும்வரை கதைக்காமல் இருந்தவர். அந்த இரத்தம் எனக்குள்ளும் ஓடுகிறது. நாற்றுக் கடைக்குப் போய், குளிர்காலத்திலும் உள்ளே தெரியாதபடி மறைக்கிற மரம் என்ன இருக்கிறது என்று கேட்டேன். கடைக்காரி பீச் கன்றுகளைக் காட்டினாள், பழம் காய்க்கிற பீச் இல்லை, வேலிக்கும் காட்டுக்கும் வளர்க்கிற மரம்.

பீச்சுக்கு ஒரு குணம். ஒக்டோபரில் மற்ற மரங்கள் எல்லாம் இலையைக் கொட்டிவிட்டு மொட்டையாக நிற்கும். பீச்சை வேலியாக வெட்டி வளர்த்தால் அது கொட்டாது. இலை மஞ்சளாகி, செம்பு நிறமாகி, காய்ந்து சருகாகும். ஆனால் கொப்பை விடாது. பனி கொட்டினாலும் பிடித்துக்கொண்டு நிற்கும். வசந்தத்தில் புது மொட்டு முட்டித் தள்ளும்போதுதான் விழும். எனக்கு வேறென்ன வேண்டும்? ஒரேயொரு குறைதான். பழைய சருகு கொட்டியபிறகு புதுத்துளிர் விரியும்வரை, மே மாதத் தொடக்கத்தில் ஒரு கிழமை பத்து நாள், வேலி அம்மணமாக நிற்கும். அதுவும் வரிசை வீட்டுக்காரர் எல்லோரும் ஒன்றுகூடித் தோட்டம் துப்புரவாக்கி முடித்த அடுத்த நாள் பார்த்துத்தான் அது கொட்டத் தொடங்கும். எத்தனையோ வருசம் இந்த வேலியோடு சண்டை பிடித்திருக்கிறேன்.

அவள் வந்தது ஒரு இலையுதிர் காலத்தில். கோயம்புத்தூர்க்காரி. புருசனுக்கு லில்லெஸ்ட்ரோமில் கணினி வேலை. ஆளை நான் வேலிக்கு மேலால் நன்றாகப் பார்த்தேன். அழகி என்று சொல்ல மாட்டேன். என்னைவிடக் கட்டை. முன்பல் கொஞ்சம் மிதப்பு. குளிருக்கு யாரோ கொடுத்த ஆண்பிள்ளை ஜக்கெற் ஒன்றைப் போட்டுக்கொண்டு திரிந்தாள். கை நீளம், விரல் நுனி மட்டும் தெரியும். சமையலும் அப்படி ஒன்றும் இல்லை. அவளுடைய சாம்பாரைக் குடித்துவிட்டு இவர், அதாவது என் கணவர், "நல்லாத்தான் இருக்கு, ஆனா உறைப்பை எங்கையோ மறந்து வைச்சிட்டு வந்திட்டா போல" என்றார். அன்று எனக்கு நல்ல நித்திரை வந்தது.

நான் அவளை "நீர்" என்று கூப்பிட்டேன். எங்களைவிட இளையவர்களை மரியாதையோடு அப்படித்தான் கூப்பிடுவோம். அவள் விழுந்து விழுந்து சிரித்தாள்.

"அக்கா, 'நீர்'னு நீங்க கூப்பிட்டா ராஜா காலத்துப் படத்துல நடிக்கிற மாதிரி இருக்கு. ஆனா நல்லா இருக்கு. அப்படியே கூப்பிடுங்க."

இதுதான் அவளிடம் எனக்குப் பிடிக்காத முதல் விசயம். எதையும் குறையாக எடுக்க மாட்டாள். கோபப்பட ஒரு சாட்டும் கிடைக்காது.

அவளிடம் இருந்தது ஒரே ஒரு வித்தை. கேட்பாள். கேட்கிறது பெரிய வித்தையா என்று நினைக்கலாம். எங்கள் ஆட்களைப் பாருங்கள். "எனக்கு முழங்கால் நோகுது" என்று ஒருத்தி சொன்னால், "உமக்கு முழங்கால்தானே, எனக்கு இடுப்பும் சேர்ந்து" என்று மற்றவள் தொடங்குவாள். ஒரு கதைக்கு அதைவிடப் பெரிய கதை. ஒரு கவலைக்கு உடனே ஒரு புத்திமதி. அவள் அப்படியில்லை. யாராவது வாய் திறந்தால் கையில் இருக்கிற வேலையை நிறுத்திவிடுவாள். வெங்காயம் வெட்டிக்கொண்டிருந்தால் கத்தி அந்த இடத்திலேயே நிற்கும். தலையைக் கொஞ்சம் சரித்துக்கொண்டு பார்ப்பாள். சொல்கிறவர் நிறுத்தினால், சின்னக் குரலில், "அப்புறம்?" என்பாள். அவ்வளவுதான். அந்த ஒரு சொல்லுக்குப் பிறகு ஆட்கள் கொட்டத் தொடங்கிவிடுவார்கள்.

வரிசையின் கடைசி வீட்டில் ஒரு நோர்வேக் கிழவர் இருந்தார். என்னைக் கண்டால் தலையை நெல்லளவு அசைப்பார். பனி வழிக்கிற முறை இந்தக் கிழமை யாருடையது என்பதைத் தவிர அவர் என்னோடு வேறு எதுவும் கதைத்ததில்லை. நான் நோர்வே மொழிச் சோதனையில் நல்ல புள்ளி எடுத்தவள். முதியோர் இல்லத்தில் நாள் முழுக்க நோர்வேக் கிழவர்களோடு கதைத்துச் சம்பளம் வாங்குகிறவள். அவளோ வந்து சில மாதம். மொழி வகுப்பில் நாலு சொல் படித்திருந்தாள். அதில் ஒன்று "ஓ சோ?" நாங்கள் "பிறகு?" என்று கேட்பதை நோர்வேக்காரர் அப்படிக் கேட்பார்கள். ஒரு சனிக்கிழமை நான் கடைக்குப் போய் வருகிறேன், கிழவர் தபால் பெட்டிகளுக்குப் பக்கத்தில் நின்று கைக்குட்டையால் கண் துடைத்துக்கொண்டிருக்கிறார். எதிரில் அவள், அந்த நீளக்கை ஜக்கெற்றோடு, தலையைச் சரித்துக்கொண்டு.

கிழவர் போனபிறகு பிடித்துக் கேட்டேன்.

"என்னவாம் அவர்?"

"அவரோட வைஃப் இறந்துட்டாங்களாம் அக்கா. அப்புறம் சின்ன வயசுல அவங்க ஊர்ல பீச் காடு இருந்துச்சாம். துளிரைப் பறிச்சு ரொட்டில வெச்சுத் தின்பாங்களாம்."

"உமக்கு அவ்வளவு நோர்வே மொழி விளங்குதோ?"

"பாதி புரியலக்கா. அவர் பேசினாரு, நான் கேட்டேன்."

வீட்டுக்கு வந்து மீனை வெட்டினேன். அன்று வெட்டிய வெட்டில் மீன் மட்டுமா துண்டானது? அவ்வளவு காலம் பக்கத்தில் இருந்திருக்கிறேன். அவருடைய மனைவி செத்ததே எனக்குத் தெரியாது.

சரி, கிழவரை விடுங்கள். நானும் விழுந்தேன். ஜூன் மாதம் வேலி வெட்டுகிற நேரம். அந்த மாதத்தில் பீச் இலை மெதுமை எல்லாம் போய், கரும்பச்சையாகத் தடித்துவிடும். வெட்டுகிறபோது கத்தரி கறுக் கறுக் என்று சத்தம் போடும். நான் இந்தப் பக்கம் வெட்ட, அவள் அந்தப் பக்கம் விழுந்ததைப் பொறுக்கிக்கொண்டிருந்தாள். லண்டனில் இருக்கிற என் தங்கச்சியைப் பற்றி ஏதோ வாய்தவறி வந்துவிட்டது. அவளும் நானும் கதைப்பதில்லை. அம்மாவின் செத்தவீட்டுக்கு அவள் போனாள். எனக்கு அப்போது பயணப் பத்திரம் இல்லை, போகவில்லை. போனில் அவள் ஒரு சொல் சொன்னாள். அந்தச் சொல்லை நான் இவருக்குக்கூடச் சொன்னதில்லை. இலை மறைவில் நின்று, முகம் தெரியாத தைரியத்தில், இவள் "அப்புறம்?", "அப்புறம்?" என்று கேட்கக் கேட்க முழுவதையும் சொல்லி, கத்தரியைப் பிடித்துக்கொண்டு அழுதும் விட்டேன். அவள் ஆறுதல் சொல்லவில்லை. வேலிக்குக் கீழால் ஒரு செம்பு தண்ணீர் நகர்ந்து வந்தது.

அதன்பிறகு கோயிலுக்குப் போகிறபோதெல்லாம் பெண்களின் முகத்தை ஒவ்வொன்றாகப் பார்த்தேன். யாருக்காவது தெரிந்திருக்கிறதா, யாராவது ஒரு மாதிரிப் பார்க்கிறார்களா என்று. ஒருவருக்கும் தெரியாது. அவள் வாயைத் திறக்கவே இல்லை. அதுவும் எனக்குப் பிடிக்கவில்லை. வெளியில் சொல்லியிருந்தால் நாலு வார்த்தை நறுக்கென்று கேட்டு, அந்தச் சிநேகிதத்தை அன்றே வெட்டிவிட்டிருப்பேன்.

இனி மகளைப் பற்றிச் சொல்ல வேண்டும். இவ்வளவும் அதற்குத்தான்.

எனக்கு ஒரே ஒரு மகள். ஒஸ்லோவில் பிறந்தவள். நடக்கத் தொடங்கிய நாளிலிருந்து சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளிக்கு விட்டேன். பேச்சுப் போட்டியில் கிண்ணம் கிண்ணமாகத் தூக்கிக்கொண்டு வருவாள். மேடையில் நின்று, "அவையோர்க்கு வணக்கம்" என்று தொடங்கினால் கேட்கிறவர்கள் எனக்குக் கை தருவார்கள். வீட்டுக்குள் வந்தால் தமிழ் நின்றுவிடும். "பள்ளிக்கூடம் எப்பிடிப் பிள்ளை?" என்றால் நோர்வே மொழியில் "ப்ரா" என்பாள், நல்லது என்று அர்த்தம். "மத்தியானம் என்ன சாப்பிட்டனி?" என்றால் "மாட்", சாப்பாடு என்று அர்த்தம். சாப்பாட்டைச் சாப்பிட்டாளாம். ஒரு சொல்லுக்கு மேலே சொன்னால் வரி கட்ட வேண்டும் என்பது போல. தப்பித் தவறித் தமிழில் ஏதாவது சொன்னால் நான் உடனே திருத்துவேன். திருத்தாமல் விட்டால் பிள்ளைக்கு எப்படி வரும்?

அவள் வந்த அந்த ஒக்டோபரிலேயே ஒரு நாள், வேலையால் வந்து பின்கதவைத் திறந்தேன். வேலிக்கு அந்தப் பக்கம் தமிழ்க் குரல் ஒன்று கேட்டது. கலகலவென்று, மூச்சு விடாமல்.

"அப்போ அந்த டீச்சர் என்ன பண்ணாங்க தெரியுமா ஆன்ட்டி? என்னோட புக்கைத் தூக்கிக் காட்டிட்டு..."

ஊரிலிருந்து அவளுடைய தங்கச்சி யாரோ வந்திருக்கிறாள் என்று நினைத்தேன். நல்ல குரல் என்றும் நினைத்தேன். பிறகுதான் அந்தச் சிரிப்பை அடையாளம் கண்டேன். என் மகள். செம்பு நிற இலைக்குப் பின்னால் என் மகள் தமிழ் கதைத்துக்கொண்டிருக்கிறாள். படம் பார்த்துப் பிடித்த தமிழ்நாட்டுத் தமிழ், ஆனால் தமிழ். அடிவயிற்றில் யாரோ மிளகாய்த்தூளை அள்ளிப் போட்டது போல இருந்தது.

இவரிடம் சொன்னேன். இவர் பேப்பரிலிருந்து தலையைத் தூக்காமல், "பிள்ளை தமிழ் கதைக்கிறாள்தானே. ஆரோட கதைச்சா என்ன?" என்றார்.

"என்னோட கதைக்க வேணும்" என்றேன்.

"நீர் கதைக்க விட்டால்தானே."

அன்றிலிருந்து நான் அந்த வேலியைக் காதால் அறியத் தொடங்கினேன். கோடையில் இலை அடர்த்தி. பக்கத்தில் போய் நின்றால்தான் சொல் விளங்கும். கிளை வெட்டுகிற சாட்டில் போய் நிற்பேன். இலையுதிர் காலத்தில் இலை ஈரம் வற்றிச் சுருளும். இடையால் குரல் தெளிவாக வரும். குளிர்காலம்தான் மோசம். காற்று அடித்தால் சருகு முழுக்கச் சரசரவென்று ஒரே இரைச்சல், ஒன்றும் கேட்காது. அவளோ பனிக்கு நடுவிலும் வெயில் எறித்தால் போர்வையைச் சுற்றிக்கொண்டு கோப்பியோடு பின்படியில் வந்து உட்காருவாள். பக்கத்தில் என் மகள். இரண்டு பேரின் வாயிலிருந்தும் வருகிற வெள்ளை மூச்சு வேலிக்கு மேலே தெரியும். மகளுடைய மூச்சுத்தான் அதிகம் தெரியும். கதைக்கிறவள் அவள்தானே.

வேலியின் மூலையில் ஒரு பொட்டும் விழுந்துவிட்டது. ஆள் நுழைகிற ஓட்டையை நாங்கள் பொட்டு என்போம். மகள் போய்ப் போய் வந்து இரண்டு கன்றுகளை அங்காலும் இங்காலும் சாய்த்துவிட்டாள். என் மகளே என் வேலியைப் பிரித்தாள்.

அவள் வந்தபிறகு முதல் மே மாதம் வந்தது. பீச் துளிர் விரிகிற அழகை நானும் இல்லையென்று சொல்லவில்லை. விசிறி மாதிரி மடிந்து மடிந்து வெளியே வரும். ஓரத்தில் குழந்தையின் காதில் இருப்பது போலப் பூனைமயிர். பச்சை என்றால் வெயில் ஊடே தெரிகிற பச்சை. நான் அதை மறைப்பு வந்துவிட்டது என்ற நிம்மதியோடு பார்ப்பேன். அவளுக்குக் கிழவரின் கதை ஞாபகம் வந்திருக்கிறது. ஒரு கிண்ணம் துளிரைப் பறித்து, பொடியாக அரிந்து, தயிரில் போட்டுக் கடுகு தாளித்துவிட்டாள்.

மகள் கிண்ணத்தோடு என் குசினிக்குள் வந்தாள்.

"அம்மா, சாப்பிட்டுப் பாருங்கோ. எலுமிச்சை மாதிரிப் புளிக்கும்."

இந்தப் பிள்ளை என் முளைக்கீரையைத் தட்டின் ஓரத்துக்குத் தள்ளுகிற பிள்ளை. பொன்னாங்காணியைக் கண்டால் மூக்கைப் பொத்துகிற பிள்ளை. கரண்டியால் வழித்து வழித்துத் தின்றாள். நானும் ஒரு வாய் தின்றேன். நன்றாக இருந்தது. அதுதான் ஆத்திரம். என் வேலி, என் இலை, என் பிள்ளை. பச்சடி மட்டும் அவளுடையது.

"இலை கொஞ்சம் முத்திப்போச்சு" என்று சொல்லிவிட்டுப் பாத்திரம் கழுவப் போனேன்.

அடுத்த வருசம் வேலி மொட்டையான அந்தக் கிழமையில்தான் அது நடந்தது. நான் உதிர்ந்த சருகை வாரிக்கொண்டிருந்தேன். வேலிக் கொப்புகளுக்கு ஊடே அவளுடைய பின்படி துலக்கமாகத் தெரிந்தது. அவள் படியில் இருந்தாள். மகள் புல்தரையில் நின்றாள். தோளில் ஒரு துடைக்கிற துணி. ஒரு கை இடுப்பில்.

"என்ன பிள்ளை, சாப்பிட்டியோ? ஏன் சாப்பிடேல்லை? உந்த ஜக்கெற்றோட எங்கை வெளிக்கிடுறாய்? கூதலுக்கை விறைச்சுச் சாகப் போறியோ? ஆருக்காக நான் இஞ்சை கிடந்து முறியிறன், சொல்லு பாப்பம்?"

நான். நானேதான். என் குரல், என் இழுப்பு, "சொல்லு பாப்பம்" என்கிறபோது நான் தாடையைத் தூக்குகிற விதம்கூட. ஒரு சொல் பிசகில்லை. அவ்வளவு காலமும் எங்கே வைத்திருந்தாள் இந்தத் தமிழை? தமிழ்ப் பள்ளியில் கேட்டிருந்தால் நூற்றுக்கு நூறு போட்டிருப்பார்கள். ஒரு கணம் எனக்குப் பெருமையாகவே இருந்தது. வாரியைப் பிடித்துக்கொண்டு நானும் சிரிக்கப் பார்த்தேன்.

அவளும் சிரித்தாள், கண்ணில் தண்ணீர் வர. பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு, "அப்புறம்?" என்றாள்.

மகள் துணியைத் தோளிலிருந்து எடுத்தாள். படியில் அவளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள். குரல் மாறிவிட்டது.

"அம்மாகிட்ட பேசினா எக்ஸாம் எழுதற மாதிரியே இருக்கு ஆன்ட்டி. எப்பவும் ஃபெயில்."

"அம்மாவைப் பத்தி அப்படிச் சொல்லக் கூடாது" என்று எங்கள் ஆட்கள் யாராக இருந்தாலும் சொல்லியிருப்பார்கள். அவள் சொல்லவில்லை. என் பக்கம் நிற்க அந்த இடத்தில் ஒருத்தரும் இல்லை. நான் சருகு வாரினேன். வாரி முடித்த இடத்தையே திரும்பத் திரும்ப வாரினேன்.

அடுத்த நாள் கடைக்குப் போய் நாணல் பாய் ஒரு சுருள் வாங்கி வந்தேன். ஊரில் வேலிக்குத் தென்னோலைக் கிடுகு கட்டுவது போல அதை நெடுகக் கட்டிவிட வேண்டும், பொட்டையும் சேர்த்து அடைத்துவிட வேண்டும் என்று எண்ணம். ஒரு தலைப்பைக் கட்டினால் மறுதலைப்பு சுருண்டு ஓடிவருகிறது. தனி ஆளாய் நின்று மல்லுக்கட்டிக்கொண்டிருக்க, அவள் அந்தப் பக்கத்திலிருந்து பொட்டால் நுழைந்து வந்தாள்.

"இந்தப் பக்கம் நான் பிடிச்சுக்கறேன்க்கா. நீங்க கட்டுங்க."

"காத்து அடிக்குது. அதுதான்" என்றேன்.

அன்று ஒரு இலை அசையவில்லை. அசைய வேலியில் இலையும் இல்லை. அவள் வேலியைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். "ஆமாங்க்கா" என்றாள். கடைசிவரை இழுத்துப் பிடித்துக்கொண்டு நின்றாள். பொட்டை அடைக்கிற முடிச்சுக்கு விரல் வைத்து அழுத்திக் கொடுத்ததும் அவள்தான். பிறகு தன்னுடைய வீட்டுக்குப் போக வழியில்லாமல், என் குசினிக்கு ஊடாக நடந்து, முன்வாசலால் சுற்றிக்கொண்டு போனாள். மகளும் அடுத்த நாளிலிருந்து முன்வாசலால் சுற்றிக்கொண்டு போனாள். நான் பாய்க்குக் கொடுத்த விலைதான் மிச்சம்.

இன்னொரு கோடை போய், வேலி மறுபடி மஞ்சளாகத் தொடங்கியபோது, புருசனுடைய ஒப்பந்தம் முடிந்து அவர்கள் ஊருக்குத் திரும்பினார்கள். நான் மிளகாய்த்தூள் வறுத்து இடித்து ஒரு பொதி கட்டிக் கொடுத்தேன். சாம்பாருக்கு உறைப்புச் சேரட்டும். அவள் என்னைக் கட்டிப்பிடித்தாள். அவளில் என்ன வாசம் இருக்கிறது என்று முகர்ந்து பார்த்தேன். ஒன்றுமில்லை, சாதாரணச் சவர்க்கார வாசம். மகள் விமான நிலைய ரயில்வரை போய்விட்டு வந்தாள். கண் வீங்கியிருந்தது.

அன்று மனதுக்குள் எனக்குத் திருவிழா. இனி இவள் எனக்குத்தான். பனங்கிழங்கு மாவில் ஒடியல் கூழ் காய்ச்சினேன், நண்டு போட்டு, அவளுக்குப் பிடித்த மாதிரி. சாப்பிட்டாள். நோர்வே முறைப்படி சாப்பாட்டுக்கு நன்றி சொன்னாள், நோர்வே மொழியில். மேலே போய்க் கதவைச் சாத்தினாள். நான் கூழ்ச் சட்டியோடு அங்கேயே இருந்தேன்.

அதற்குப் பிறகு வீட்டுக்குள் தமிழ் கேட்டதெல்லாம் அந்தச் சாத்திய கதவுக்குப் பின்னால்தான். கோயம்புத்தூருக்கு வீடியோ அழைப்பு. வேலியாவது பருவத்துக்குப் பருவம் கொஞ்சம் விட்டுக்கொடுத்தது. மரக்கதவு எந்த மாதத்திலும் விட்டுக்கொடுக்கவில்லை.

மகள் பொறியியல் படிக்க ட்ரொண்ட்ஹெய்முக்குப் போனாள். ஞாயிற்றுக்கிழமைகளில் எனக்குப் போன் எடுப்பாள். "எப்பிடிப் படிப்பு?" "ப்ரா." "சாப்பிட்டியோ?" "யா." நானும் வைத்துவிடுவேன். கோயம்புத்தூர்க்காரியோடு எவ்வளவு நேரம் கதைப்பாள் என்று கேட்கத் துடிக்கும் நாக்கை அடக்கிக்கொள்வேன்.

போன வசந்தத்தில், சொல்லாமல் கொள்ளாமல், முதுகுப் பையோடு மகள் வந்து நின்றாள். இடையில் லீவும் இல்லை, ஒன்றும் இல்லை. முகம் வற்றிப் போயிருந்தது. நேரே பின்படிக்குப் போய் உட்கார்ந்தாள். வேலி அப்போதுதான் சருகு கொட்டிக்கொண்டிருந்தது. பக்கத்து வீட்டில் இப்போது வேறு குடும்பம். நாணல் பாய் இற்றுக் கிழிந்த இடத்தால் அவர்களுடைய புல்தரையில் ஒரு பிளாஸ்டிக் சறுக்குமரம் தெரிந்தது.

நான் தேத்தண்ணி கொண்டுபோய் வைத்துவிட்டுத் திரும்ப, "அம்மா, இருங்கோ" என்றாள்.

இருந்தேன்.

"நான் படிப்பை விட்டிட்டன். இலையுதிர் காலத்திலேயே. ஒரு வகுப்புக்கும் போகேல்லை. பேக்கரியில வேலை செய்யிறன். உங்களுக்குச் சொல்லப் பயம். எல்லாத்தையும் கெடுத்துப் பண்ணிட்டேன்."

எத்தனை வருசத்துக்குப் பிறகு எனக்கென்று என் மகள் வாயால் வந்த தமிழ். ஆனால் பழகிய வாய் பழகிய வாய்தானே.

"கெடுத்துப் பண்ணிட்டேன் இல்லைப் பிள்ளை. கெடுத்துப்போட்டன்."

சொல்லிய பிறகுதான் என்ன சொன்னேன் என்று எனக்கே உறைத்தது. மகள் என்னைப் பார்த்தாள். வாய் கோணியது. அழப் போகிறாள் என்று நினைத்தேன். "அம்மா!" என்று கத்திச் சிரித்தாள். சிரித்துக்கொண்டே அழுதாள். "கெடுத்துப்போட்டன். சரியோ? கெடுத்துப்போட்டன்." பிறகு நிற்கவில்லை. கணக்கு விளங்காமல் போனது, அறைக்குள்ளேயே கிடந்தது, விடியமுன் எழும்பிப் பாண் சுடுவது மட்டும் மனதுக்கு ஆறுதலாக இருந்தது, எல்லாம். தமிழும் நோர்வேயும் கலந்து, எங்கள் தமிழும் அவளுடைய தமிழும் கலந்து. தேத்தண்ணி ஆறிப்போனது. நான் வாயைத் திறக்கவில்லை. திறந்தால் இன்னொன்றைத் திருத்திவிடுவேன் என்று பயம்.

கடைசியில் கேட்டேன். கேட்காமல் இருக்க முடியவில்லை.

"கோயம்புத்தூர் அன்ரிக்குத் தெரியுமோ?"

"ஓம்."

"முதலே தெரியுமோ?"

"முதல்ல அவவுக்குத்தான் சொன்னனான்."

இருக்கத்தானே செய்யும். எதிர்பார்த்ததுதான். இருந்தும் அந்த மிளகாய்த்தூள் அதே இடத்தில் விழுந்தது.

"பிறகு அவ என்னோட கதைக்கிறேல்லை அம்மா" என்றாள் மகள். "பாதியிலேயே நிப்பாட்டிட்டா. 'போதும், இனி நான் கேக்க மாட்டேன், இதை அம்மாகிட்டதான் சொல்லணும்' எண்டு சொன்னா. அதுக்குப் பிறகு நான் போன் அடிச்சாலும் எடுக்கிறேல்லை. மெசேஜ் போட்டா ஒரே பதில்தான். 'அம்மாகிட்ட சொல்லிட்டியா?' இல்லையெண்டால் அதோட சரி. பனிக்காலம் முழுக்க அப்பிடித்தான்."

நான் வேலியைப் பார்த்துக்கொண்டு இருந்தேன். யார் என்ன சொன்னாலும் கேட்கிறவள். பாதி புரியாத கிழவரைக்கூட நிறுத்தாதவள். என் பிள்ளையை நிறுத்தியிருக்கிறாள். அங்கே அந்த ஊரில், இவளுடைய அழைப்பு அடித்து அடித்து ஓய்வதைப் பார்த்துக்கொண்டு, எடுக்காமல் இருந்திருக்கிறாள். பனிக்காலம் முழுக்க. என்னால் ஒரு நாள் இருக்க முடியுமா? என் மகள் என்னிடம் வந்ததற்கும் அவள்தான் காரணம். இதிலும் அவளே முந்திவிட்டாள். என்ன பெண் இவள்! நன்றி சொல்லக்கூட நிம்மதியாக விடமாட்டேன் என்கிறாள்.

"உன்ரை போன் எங்கை?" என்றேன்.

"ஏன்?"

"எடு. அங்கை இப்ப பின்னேரம்தான், முழிச்சிருப்பா. அம்மாட்டைச் சொல்லிட்டன் எண்டு அவவுக்குச் சொல்லு."

மகள் ஜக்கெற் பையிலிருந்து போனை எடுத்தாள். எடுத்துவிட்டு அழுத்தாமல் என் முகத்தையே பார்த்தாள்.

"நீங்கள் கோவிக்க மாட்டியளோ அம்மா?"

"கோவிப்பன்" என்றேன். "நீ எடு."